ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம்

6.5.2007

அன்புள்ள அண்ணனுக்கு,

தங்கை ரீத்தா எழுதுவது. வீட்டில் எல்லோரும் நன்றாக இருக்கிறோம். திருவிழாவில் தின்ற ஐஸின் புண்ணியத்தில் அபினாவுக்கு மட்டும் இருமல். உங்கள் சுகத்தை விசாரிக்கலாம் என்றால் கோபம்தான் வருகிறது. சொந்த ஊர்த் திருவிழாவுக்கு வந்துவிட்டு, கானமேளாக் கச்சேரி நடந்த இரண்டு நாளும் மைதானத்தில் நின்ற வேனுக்குள்ளேயே அடைந்து கிடந்து, தங்கச்சி வைத்த மீன்குழம்பையும் தூக்குப்பாத்திரத்தில் கொடுத்தனுப்பச் சொன்ன ஆள் உலகத்தில் நீங்கள் ஒருவராகத்தான் இருப்பீர்கள். "உனக்க அண்ணன் கானமேளாவப் படம் எடுக்க வந்தானா, வேனுக்குக் காவலுக்கு வந்தானாட்டி?" என்று என் மாமியார் கேட்கிறார். நான் என்ன பதில் சொல்ல? வெளியே மேடையில் சுபிதா பாடுகிறாள். நீங்கள் உள்ளே உட்கார்ந்து அதை டிவியில் பார்க்கிறீர்கள்.

போன் செய்யாமல் ஏன் எழுதுகிறாள் என்று நினைக்கவேண்டாம். பேபி அக்கா பூத்தில் நின்று பேசினால், நான் ரிசீவரை வைப்பதற்குள் விஷயம் ஊர் எல்லைக் குருசடியைத் தாண்டிவிடுகிறது.

விஷயம் இதுதான். உங்கள் மச்சான் சனிக்கிழமைக் கானமேளாவுக்கு மட்டும் நின்றார். பத்தாம் திருவிழா, தேர் ஓடுகிற ஞாயிற்றுக்கிழமை விடிய முன்னே கொச்சிக்குப் பஸ் ஏறிவிட்டார். அன்று சாயந்திரமே மீன்பிடிப் போட்டு கடலுக்குப் போகிறதாம். முதலாளி வெளியூர்க்காரர், அவருக்கு நம் தேர் ஒரு பொருட்டில்லை. தேரன்று நம் கரையில் எவனும் கடலில் இறங்க மாட்டான் என்று இவருக்குமா தெரியாது? வாசலில் நின்று கத்திவிட்டேன். "போறதுன்னா அப்பிடியே போயிரும், திரும்பி வரண்டாம்" என்றேன். அவர் சிரிக்கிறார். "வரும்பம் உனக்கு நல்ல குடை ஒண்ணு கொண்டு வாறேன். அத வச்சி எனக்க மண்டையில அடி" என்கிறார்.

திருவிழாவுக்கு மார்த்தாண்டத்தில் எடுத்துக் கொடுத்த கத்தரிப்பூ நிறச் சட்டை. அதைப் போட்டுக்கொண்டு மகளைத் தோளில் தூக்கி ஐஸ் வாங்கிக் கொடுத்து, தோள் முழுக்கச் சிவப்புக் கறை. கல்லில் அடித்துத் துவைத்த பிறகுதான் எனக்குக் கொஞ்சம் ஆத்திரம் அடங்கியது. எப்போதும் கொச்சி சேர்ந்ததும் பூத்துக்கு ஒரு போன் வரும். அன்று தேர் பார்க்கப் பேபி அக்கா பூத்தைப் பூட்டிவிட்டுப் போய்விட்டாள். வரட்டும், வைத்துக்கொள்கிறேன்.

படம் எப்போது வரும்? நேரத்துக்குச் சாப்பிடுங்கள்.

ரீத்தா


சென்னை
17.5.2007

அன்புத் தங்கை ரீத்தாவுக்கு,

உன் அண்ணன் ததேயுஸ், கண் சிவந்துபோயிருப்பதைத் தவிர மற்றபடி சுகம். அபினாவின் இருமல் போயிற்றா? மாமியிடம் சொல், நான் வேனுக்குக் காவல்தான். வெளியே ஐந்து கேமரா நிற்கிறது. ஐந்தும் பிடிப்பது உள்ளே ஐந்து டிவியில் வரும். எந்த நேரத்தில் எந்தப் படம் என்று நான் மைக்கில் சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும். சினிமாக்காரன் 'இன்னொரு தடவை எடுப்போம்' என்பான். எங்களுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. பாடுகிறவள் இருமினால் இருமினதுதான். கம்பி தட்டி கிட்டார்க்காரன் விழுந்தாலும் நான் உள்ளே 'ஐயோ' என்று சொல்லலாம், அவ்வளவுதான்.

திருட்டுத்தனமெல்லாம் எடிட்டிங்கில்தான். எங்கள் கேமராக்காரன் ஜெனின் பிடித்த ஐந்தாம் கேமரா கூட்டத்துக்கு மட்டும். ஞாயிற்றுக்கிழமை தூறல் போட்டதா, எல்லாரும் குடையை விரித்துவிட்டார்கள். குடைக்குக் கைதட்டத் தெரியுமா? அதனால் சனிக்கிழமைக் கூட்டத்தை அள்ளிக்கொண்டு வந்து ஞாயிற்றுக்கிழமையில் நிறுத்திக்கொண்டிருக்கிறேன். சனிக்கிழமை கோமாளிப் பாட்டுக்குச் சிரித்தவன், ஞாயிற்றுக்கிழமை மாதா பாட்டுக்கு மெய்மறந்து சிரிப்பான். பாடகி மட்டும் அந்தந்த நாள் ஆள். யாருக்கும் தெரியாது. தொழில் ரகசியம், பேபி அக்கா காதில் போட்டுவிடாதே.

மச்சானோடு பிணக்கத்தை வளர்க்காதே. படம் வந்ததும் கடைசிப் பாட்டைக் கவனமாகப் பார். உனக்காக ஒன்று வைத்திருக்கிறேன்.

மாமிக்கு என் வணக்கம். பிள்ளைக்கு முத்தம்.

ததேயுஸ்


3.6.2007

அண்ணனுக்கு,

சுகம் கேட்டு எழுதும் நிலைமையில் இல்லை. கொச்சியிலிருந்து போன போட்டுகள் காற்றில் மாட்டி ஒவ்வொன்றாகக் கரை வந்துவிட்டன. இவர் வேலை பார்க்கிற போட்டு மட்டும் வரவில்லை. ஆறு பேர் போனதாக முதலாளி சொல்கிறார். உங்கள் போன் அணைந்திருக்கிறது. ஆபீசில் கேட்டால் எங்கோ கச்சேரி எடுக்கப் போயிருக்கிறீர்கள் என்கிறார்கள். இதைக் கூரியரில் அனுப்புகிறேன். கிடைத்த உடனே வாருங்கள். எனக்கு வெப்ராளமாக இருக்கிறது, உட்காரவும் முடியவில்லை, நிற்கவும் முடியவில்லை.

ரீத்தா


சென்னை
26.6.2007

அன்புத் தங்கைக்கு,

நல்லபடியாக வந்து சேர்ந்தேன். நீ சாப்பிடுகிறாயா என்பதுதான் கவலை. உன்னோடு இருந்த அந்த நாட்களில் நான் செய்தது என்ன? நாகர்கோவிலுக்கும் கொச்சிக்கும் ஓடினேன், ஒவ்வொரு ஆபீசிலும் உட்கார்ந்தேன், எழுந்தேன். தேடுகிறோம் என்றார்கள். பிறகு, தேடினோம் என்றார்கள். துறைமுகத்தில் ஒருவன், மச்சான் குமாரதாஸ் போட்டில் ஏறியதைப் பார்த்தேன் என்கிறான். பக்கத்தில் நின்றவன், அது வேறு ஆள் என்கிறான்.

ஒன்று சொல்கிறேன், ஏன் என்று கேட்காதே. கானமேளாப் படம் சிடியாக வந்துவிட்டது. உனக்கென்று வைத்திருந்ததை அங்கே வரும்போது கொண்டுவரவில்லை. யாராவது கொண்டு வந்து தந்தாலும் இப்போது பார்க்காதே.

அண்ணன்
ததேயுஸ்


22.7.2007

அன்புள்ள அண்ணனுக்கு,

நீங்கள் நன்றாக இருக்க வேண்டும். நாங்கள் இருக்கிறோம். இதை அவசரமாக எழுதுகிறேன், எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

பார்க்காதே என்றீர்கள். நான் தேடிப் போகவில்லை, கேபிளில் போட்டுவிட்டார்கள். நான் அடுக்களையில் நின்றேன். மாமி போட்ட சத்தத்தில் கையில் இருந்த சட்டியைப் போட்டுவிட்டு ஓடினேன். கடைசிப் பாட்டு. தேர் நிலைக்கு வந்த பிறகு ஞாயிற்றுக்கிழமை மட்டும் பாடிய மாதா பாட்டு. சுபிதா பச்சைச் சேலையில் நிற்கிறாள். சனிக்கிழமை அவள் கட்டியது சிவப்பு. பாட்டின் நடுவில் டியூப்லைட் கம்பத்துப் பக்கம் அவர். கத்தரிப்பூச் சட்டை. இரண்டு கையையும் தலைக்கு மேலே தூக்கித் தட்டிக்கொண்டு, வாயெல்லாம் பல்லாக. மறுநாள் மறுபடியும் போட்டார்கள். மறுபடியும் இருந்தார்.

சனிக்கிழமைக் கூட்டத்தை ஞாயிற்றுக்கிழமைக்குக் கொண்டுபோவேன் என்று நீங்கள் எழுதியதை நான் மறக்கவில்லை. அது ஊர்க்கூட்டத்துக்கு. இது அவர். வாய் அசைவதைப் பார்த்தேன், மாதா பாட்டைத்தான் கூடவே பாடுகிறார். அண்ணா, ஞாயிறு ராத்திரி நம் மைதானத்தில் கைதட்டுகிற மனுஷன் அன்று சாயந்திரம் கொச்சியில் போட்டேறியிருக்க முடியுமா? அவர் கடலுக்கே போகவில்லை. நான் சொன்ன சொல்லில் மனம் வெறுத்து, பாதி வழியில் திரும்பி, கூட்டத்தில் நின்று பாட்டுக் கேட்டுவிட்டு, வீட்டுக்கு வராமல் எங்கோ போய்விட்டார்.

நீங்கள் எடுத்த படம். உங்களுக்குத் தெரியாமல் இருக்காது. ஒரே ஒரு வரி எழுதுங்கள். அது ஞாயிற்றுக்கிழமை எடுத்ததுதானே?

எதிர்பார்த்திருக்கும்
ரீத்தா


சென்னை
8.8.2007

அன்புத் தங்கை ரீத்தாவுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. நான் சுகம். மாமிக்குக் கால்வீக்கம் எப்படி இருக்கிறது? அபினாவைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தாயா? இங்கே வெயில் இன்னும் குறையவில்லை. தண்ணீர் லாரி வாரத்தில் இரண்டு நாள்தான். போன வாரம் ஒரு வீணைக் கச்சேரி எடுத்தோம், பாதியில் கரண்டு போய்விட்டது. அந்த அம்மாள் இருட்டிலேயே வாசித்தார். என்னால் ஒன்றையும் பதிவு செய்ய முடியவில்லை.

நீ கேட்டதற்கு டேப்புகளைப் பார்க்க வேண்டும். டேப்புகள் கம்பெனிக்காரர்களிடம் இருக்கின்றன. சாவி வைத்திருப்பவர் விடுமுறையில் போயிருக்கிறார். பார்த்துவிட்டு எழுதுகிறேன். அதுவரை எதையும் மனதில் போட்டுக்கொள்ளாதே.

உடம்பைக் கவனி.

ததேயுஸ்


30.8.2007

அன்புள்ள அண்ணனுக்கு,

சாவிக்காரர் இன்னும் வரவில்லையா? பரவாயில்லை. நீங்கள் 'இல்லை' என்று எழுதவில்லை. அது எனக்குப் போதும். பொய் சொல்ல வராத ஆள் நீங்கள், சின்னதிலேயே மாட்டிக்கொள்வீர்கள். இல்லை என்றால் முதல் வரியிலேயே இல்லை என்றிருப்பீர்கள்.

இங்கே ஊர் கூடி ஒரு முடிவு செய்திருக்கிறது. போட்டில் போன ஆறு பேருக்கும் கல்லறைத் தோட்டத்தில் ஒரு கல் வைக்கப்போகிறார்கள். மயிலாடிக் கல்தச்சரிடம் வேலை நடக்கிறது. ஐந்து வீட்டுக்காரரும் பெயர் கொடுத்துவிட்டார்கள். பங்குச் சாமியார் வீட்டுக்கு வந்தார். "ரீத்தா, உன் சம்மதம் இல்லாம பேர வெட்டச் சொல்லமாட்டேன்" என்றார். நான் படத்தைப் போட்டுக் காட்டினேன். பார்த்துவிட்டு, "உங்க அண்ணன் என்ன சொல்லுகாரு?" என்று கேட்டார். "அண்ணன் மறுக்கல்ல சாமி" என்றேன். கல்லில் ஆறாவது வரியை வெறுமையாக விடச் சொல்லியிருக்கிறார்.

அடுத்த வாரம் அபினாவைக் கூட்டிக்கொண்டு கொச்சிக்குப் போகிறேன். அவர் போட்டோவை நாலு பிரதி எடுத்துவிட்டேன். கூப்பிட்டால் வருவார். கோபம் அவருக்கு அதிக நாள் நிற்காது.

சாப்பிட்டீர்களா என்று கேட்க மறந்துவிட்டேன். சாப்பிடுங்கள்.

ரீத்தா


சென்னை
16.9.2007

அன்புள்ள ரீத்தா,

நீ சுகமாக இருப்பாய் என்று நம்பி எழுதுகிறேன். கொச்சிக்குப் பிள்ளையோடு தனியாகப் போகவேண்டாம் என்று சொல்வதற்குள் நீ போயிருப்பாய். பேபி அக்கா பூத்துக்கு அடித்தேன். போயிருக்கிறாள் என்றாள். "ஆளு நாட்டுல எங்கயோ நிக்குதாமே, சந்தோசம் மக்கா" என்று எனக்கு வாழ்த்துச் சொன்னாள். நான் போனை வைத்துவிட்டேன்.

ரீத்தா, அந்தக் கடைசிப் பாட்டில்

மேலே அடித்திருப்பதை வெளிச்சத்தில் பிடித்துப் படிக்க முயற்சி செய்யாதே. ஒன்றுமில்லை. கொஞ்ச நாள் சென்னைக்கு வந்து இரு. நேரில் பேசலாம்.

ததேயுஸ்


19.10.2007

அண்ணனுக்கு,

நலம். நேரில் பேசலாம் என்றீர்கள். நேரில் வந்தபோது கொல்லைப்புறத்துத் தென்னையைப் பார்த்துக்கொண்டு நின்றவர் நீங்கள்.

இரண்டு தடவை போய்வந்தேன். கொச்சி, முனம்பம், நீண்டகரை. போட்டோவை ஒவ்வொருவரும் வாங்கிப் பார்த்துவிட்டு முதலில் அபினாவைப் பார்க்கிறார்கள், பிறகு என் தாலியைப் பார்க்கிறார்கள். ஒருவன், "இங்கதான் கண்டேன், கூட ஒரு பொம்பளயும் உண்டு" என்றான். ஓடிப்போய்ப் பார்த்தால் யாரோ. அபினா பஸ்ஸில் மீசை வைத்த ஆளைக் கண்டால் என் கையைச் சுரண்டுகிறாள்.

ஊரில் இப்போது என்னைப் பார்க்கிற பார்வையே வேறு. மற்ற ஐந்து பேருக்கும் அழுகிறார்கள். என்னைக் கண்டால் பேச்சை நிறுத்துகிறார்கள். கட்டினவன் விட்டுப் போகிற அளவுக்கு இவள் என்ன சொன்னாளோ என்றிருக்காதா? மாமி நேற்று வாய்விட்டே சொன்னார்: "எனக்க பிள்ள கடல்ல போனான்னா உனக்க கூட இருந்து அழுதிருப்பேன். நீ வெரட்டி விட்டில்லா இருக்க."

படத்தில் அவர் சிரிக்கிறதைப் பார்த்தால் இப்போது எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. என்னை இப்படி நிறுத்திவிட்டு எப்படிச் சிரிக்க முடிகிறது? ஜெபமாலை சொல்லும்போது ஒரு நினைப்பு வருகிறது. கடலிலேயே போயிருக்கக் கூடாதா என்று. பெண்டாட்டி கேட்கிற வரமா இது? யாரிடம் சொல்ல? அதனால்தான் உங்களுக்கு எழுதுகிறேன்.

ரீத்தா


சென்னை
2.11.2007
கல்லறைத் திருநாள்

ரீத்தாவுக்கு,

சுகம் கேட்கும் தகுதி எனக்கு இல்லை. இதோடு ஒரு சிடி அனுப்பியிருக்கிறேன். முன்னால் வந்ததில் ஒரு பிழை இருந்தது. கடையில் விற்றதையோ கேபிளில் ஓடியதையோ என்னால் திரும்பப் பிடிக்க முடியாது. கம்பெனியில் கேட்டேன், சிரித்தார்கள். சரியாக உள்ளது இது ஒன்றுதான், உனக்காகப் போட்டது.

கடைசிப் பாட்டில் ஒரே ஒரு இடத்தைத்தான் மாற்றியிருக்கிறேன், அங்கிருந்து எடுத்ததை அதன் இடத்தில் வைத்திருக்கிறேன். வெறுமையான இடத்துக்காக ஜெனின் ஞாயிற்றுக்கிழமை எடுத்த டேப் முழுவதையும் உட்கார்ந்து பார்த்தேன். அன்று அங்கே உண்மையில் இருந்ததை வைத்திருக்கிறேன். இதற்கு மேல் எழுத எனக்குத் தைரியம் இல்லை. திட்டி எழுது. எழுதாமல் மட்டும் இருந்துவிடாதே.

ததேயுஸ்


25.11.2007

அன்புள்ள அண்ணனுக்கு,

நாங்கள் மூன்று பேரும் சுகமாக இருக்கிறோம். பதில் எழுத நாளாகிவிட்டது, பயந்திருப்பீர்கள். சிடி அப்போதே வந்தது. பிரிக்காமல் மாதா படத்துக்குப் பின்னால் வைத்திருந்தேன். போன செவ்வாய்க்கிழமைதான் பங்குச் சாமியாரிடம் கேட்டு, அவர் வீட்டு டிவியில் தனியாகப் பார்த்தேன்.

அவர் சனிக்கிழமைக்குப் போய்விட்டார். சுபிதா சிவப்புச் சேலையில் கோமாளிப் பாட்டுப் பாடுகிறாள், அதற்குக் கைதட்டுகிறார். தோளில் ஐஸ் கறை தெரிகிறது.

அண்ணா, அந்தக் கறையைக் கேபிளில் முதல் தடவை பார்த்தபோதே பார்த்தேன். ஞாயிறு காலையில் அந்தச் சட்டையைக் கல்லில் அடித்துத் துவைத்துக் கொடியில் போட்டவள் நான்தானே? அவர் போனது வேறு சட்டையில். சாயந்திரம் தூறல் விழுந்தது. நனைந்தால் நனையட்டும், எனக்கென்ன என்று எடுக்காமலே கானமேளாவுக்கு வந்தேன். சுபிதா மாதா பாட்டுப் பாடின நேரத்தில் அந்தச் சட்டை நம் வீட்டுக் கொடியில் சொட்டிக்கொண்டிருந்தது. இதெல்லாம் தெரிந்துதான் உங்களிடம் கேட்டேன். நீங்கள் தெரியாத்தனமாக ஆமாம் என்று சொல்லிவிடமாட்டீர்களா என்று கேட்டேன். நீங்கள் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. அதைப் பிடித்துக்கொண்டு கொச்சி வரைக்கும் போய்வந்தேன். உங்களைத் திட்ட எனக்கு என்ன இருக்கிறது?

அவர் இருந்த இடத்தில் இப்போது குடைகளாக இருக்கிறது. அதில் ஒரு கறுப்புக் குடைக்குக் கீழே அபினாவை இடுப்பில் வைத்துக்கொண்டு நான் நிற்கிறேன். நீங்கள் என்னைப் பார்த்துத்தான் அதை எடுத்து வைத்தீர்களா என்று தெரியவில்லை. எல்லோரும் மேடையைப் பார்க்கிறார்கள். நான் மட்டும் மேடைக்கு முதுகைக் காட்டி, பஸ் வந்து திரும்புகிற ரோட்டைப் பார்த்துக்கொண்டு நிற்கிறேன். பாதி வழியில் இறங்கித் திரும்பி வந்துவிடுவார் என்று அன்றைக்கே எதிர்பார்த்திருக்கிறேன். அது எனக்கு மறந்தே போயிருந்தது.

நாளைக் காலை மயிலாடிக்கு ஆள் போகிறது. அவர் பெயரை நானே தாளில் எழுதிக் கொடுத்துவிட்டேன். மாமியிடமும் எல்லாவற்றையும் சொன்னேன். என் தலையைப் பிடித்துத் தன் மடியில் வைத்துக்கொண்டு அழுதார். நானும் அன்றுதான் முதல்முறையாகச் சத்தம் போட்டு அழுதேன்.

கேபிளில் பார்த்த மறுநாள் கடையில் வாங்கி வைத்திருந்த பழைய சிடியை உடைத்துப் போடலாம் என்று எடுத்தேன். மாமி பிடுங்கித் தன் பெட்டிக்குள் வைத்துக்கொண்டார். "இதுல அவன் ஞாயித்துக்கெழமையும் இருக்கானே மக்கா. எனக்கு இருக்கட்டு" என்றார்.

நேரத்துக்குச் சாப்பிடுங்கள்.

உங்கள் தங்கை
ரீத்தா